மரியாதைக்கு ஒரு சிரிப்பு

12-6-1993, சனி

பள்ளிக்கூடம் இன்று அரை நாள். வீட்டுக்கு வந்து பார்த்தால், தன் சட்டைக்குத் தானே இஸ்திரி போடுகிறேன் என்று இவர் காலரைத் தீய்த்து வைத்திருக்கிறார். படம் போடுகிற நாள் வந்துவிட்டால் இவருக்குக் கல்யாண மாப்பிள்ளை என்ற நினைப்பு. வயது ஐம்பத்து மூன்று. நன்றாகத் திட்டினேன். "இருட்டுல யாருக்கு அம்மணி காலர் தெரியப்போகுது?" என்றார். அதுவும் சரிதான், வேறு சட்டை எடுத்துக் கொடுத்தேன்.

சாயங்காலம் பீளமேட்டு மண்டபத்தில் நம் திரைப்படச் சங்கத்தின் காட்சி. கேபிள் டிவி வந்த பிறகு சங்கத்துக்கு ஆள் வருவதே அபூர்வம். ஆனால் டென்மார்க் படம் என்று போர்டில் எழுதிவிட்டால் போதும், குழந்தை குட்டியோடு வந்துவிடுகிறார்கள். இன்று புதிதாக வந்த ஒரு காலேஜ் வாத்தியார், டேனிஷ் ஊமைப்படத்துக்கு இவ்வளவு கூட்டமா என்று என்னிடம் விளக்கம் கேட்டார். எங்கே ஆரம்பித்துச் சொல்வது?

இவர் வேலை பார்க்கிற பம்பு கம்பெனிக்கு டிசைன் சொல்லிக்கொடுக்க டென்மார்க்கிலிருந்து ஒரு இன்ஜினியர் வந்திருந்தார். ஊர் திரும்பும்போது ஒரு தகரப்பெட்டி நிறைய பதினாறு எம்.எம். ரீலை இவரிடம் கொடுத்துவிட்டுப் போனார். அவர் அப்பா சேர்த்து வைத்ததாம். எல்லாம் ஊமைப்படக் காலத்து அடி உதைச் சிரிப்பு. ஒரு நெட்டையன், ஒரு குட்டையன். கடற்கரை, சைக்கிள், மாவு மூட்டை, தொந்தி போலீஸ்காரர். விழுவார்கள், எழுவார்கள், மறுபடி விழுவார்கள். நடுநடுவே டேனிஷ் எழுத்து வரும். ஓ என்கிற எழுத்துக்குக் குறுக்கே ஒரு கோடு. "தப்புன்னு அவங்களே அடிச்சுட்டாங்களாட்ட இருக்குதுங்க அக்கா" என்றார் யூனுஸ் பாய். ஒப்பணக்கார வீதிப் பக்கம் ரேடியோ ரிப்பேர் கடை வைத்திருக்கிறார். புரொஜெக்டர் ஓட்டுவது அவர்தான்.

எழுத்து யாருக்கும் புரியாததால் நாங்களே மைக்கைப் பிடித்துப் பேச ஆரம்பித்தோம். நெட்டையனுக்கு இவர், குட்டையனுக்கு நான். உருவமும் அப்படியே பொருந்திவிட்டது. இவர் ஆறடிக்கு மேல், நான் இவர் நெஞ்சு வரைக்கும்தான். படத்தில் அடிக்கிறவனும் அடி வாங்குகிறவனும் நம் ஊர்ப் பேச்சில் பேசுவார்கள். "ஏனுங்க, ஒரு உதை குடுத்துக்கட்டுங்களா?" "அதுக்கென்னுங்க, குடுங்க. பார்த்து மெதுவாக் குடுங்க." உதை விழும். "நெம்ப சந்தோசமுங்க." அவ்வளவுதான், மண்டபம் இரண்டுபடும்.

இன்று அதற்கும் மேலே ஒன்று நடந்தது. படம் முடிந்து லைட் போட்டதும் இவர் நன்றி சொல்ல முன்னால் போனார். கும்பிட்டார். கும்பிட்ட கையோடு அப்படியே பின்பக்கமாக, மரம் சாய்கிற மாதிரி விழுந்தார். கையை ஊன்றவில்லை, கண்ணைச் சிமிட்டவில்லை. நெட்டையன் அசலாக அப்படித்தான் விழுவான். கூட்டம் எழுந்து நின்று கை தட்டியது. எனக்குச் சிரித்துச் சிரித்துக் கண்ணில் தண்ணீர். எப்போது பழகினீர்கள், என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லையே என்று பஸ்ஸில் கேட்டேன். அப்படியே வந்தது என்றார்.

13-6-1993

பின்மண்டையில் வீக்கம். விளக்கெண்ணெய் தடவிவிட்டேன். இந்த வயதில் இதெல்லாம் தேவையா?

4-7-1993, ஞாயிறு

கிணத்துக்கடவில் என் சித்தி மகன் மாரப்பனின் தங்கை கல்யாணம். கல்யாண மண்டபப் படியில் இறங்கும்போது இவர் மறுபடியும் அந்த விழுகையை விழுந்து காட்டினார். மாப்பிள்ளை வீட்டார் முதலில் பதறிப்போனார்கள். மாரப்பன்தான், ஒண்ணுமில்லைங்க, எங்க மச்சான் டென்மார்க் நடிப்பு நடிக்கறாருங்க என்று சொல்லிச் சமாளித்தான். பிறகு ஒரே சிரிப்பு. குழந்தைகள் இன்னொரு தடவை என்று கெஞ்ச, இவர் இன்னொரு தடவையும் விழுந்தார். ஆனால் இரண்டாவது முதல் மாதிரி இல்லை, யோசித்து விழுந்த மாதிரி இருந்தது. நானே சொன்னேன், முதல் விழுகைதான் நன்றாக இருந்தது என்று.

பந்தியில் வேட்டி, சட்டை எல்லாம் சாம்பார். வெள்ளைச் சட்டை. துவைக்கிறவளுக்குத் தெரியும் வேதனை. இலையைப் பார்த்துச் சாப்பிடக் கூடவா தெரியாது?

8-8-1993

சட்டை, சட்டை, சட்டை. ரசம், மோர், காப்பி. பனியனைக் கூட விடவில்லை.

நாற்காலியில் உட்கார்வது கூட இப்போது ஒரு கூத்தாகிவிட்டது. தொப்பென்று விழுகிறார். பிரம்பு நாற்காலியின் கால் ஒன்று கழன்றுவிட்டது. நெட்டையன் வேஷம் வீட்டுக்குள் வேண்டாம் என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டேன். சரிங்க டீச்சர் என்றார்.

19-9-1993, ஞாயிறு

யூனுஸ் பாய் வந்தார். பத்து நிமிடம் மழையைப் பற்றிப் பேசினார், அப்புறம் சிறுவாணித் தண்ணீரைப் பற்றி. நான் காப்பிக்குப் பால் வைக்கப் போனேன். பின்னாலேயே அடுப்படி வாசல் வரை வந்து நின்றார்.

"அக்கா, ஒண்ணு கேக்கட்டுங்களா? தப்பா எடுத்துக்கக் கூடாதுங்க. அண்ணனுக்கு ஏதாச்சும் பழக்கமுங்களா, புதுசா?"

போன காட்சிக்கு நான் போகவில்லை, அதில் இவர் வசனத்தைத் தவறவிட்டாராம். உதை விழுந்து முடிந்த பிறகு "உதை குடுக்கட்டுங்களா" என்று கேட்டாராம். நாக்குக் குழறியதாம். நடையும் சரியில்லையாம். நாலு பேர் பேசிக்கொள்கிறார்களாம்.

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. காப்பித்தண்ணி கூடக் கொடுக்காமல் அனுப்பிவிட்டேன். இருபத்தாறு வருஷமாக ஒரு வெற்றிலை போட்டு அறியாத மனுஷன்.

அனுப்பிவிட்டு நான் செய்த காரியத்தை எழுதவே வெட்கமாக இருக்கிறது. மத்தியானம் இவர் தூங்கும்போது குனிந்து வாயை மோந்து பார்த்தேன். மோர் வாசம்தான் அடித்தது.

20-11-1993, சனி

மகள் பூஜிதா தூங்குகிறாள். லீவு போட்டு பெங்களூரிலிருந்து வந்த பிள்ளைக்கு நல்ல லீவு இது.

காலையில் பாத்ரூமுக்குள் சத்தம். உள்ளே தாழ்ப்பாள். நானும் அவளும் இடித்துத் திறந்தோம். இவர் மல்லாந்து கிடக்கிறார், கண்ணைத் திறந்தபடி, அதே முகம். ஒரு நொடி — ஒரே ஒரு நொடி — எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பழக்க தோஷம். அப்புறம்தான் தரையில் ரத்தத்தைப் பார்த்தேன்.

தையல் போட்டுக் கூட்டிக்கொண்டு வந்து படுக்க வைத்த பிறகு என்னால் பொறுக்க முடியவில்லை. கதவைச் சாத்திப்போட்டு யாருக்குங்க உளுந்து காட்டுனீங்க, அங்க யார் இருக்கறாங்க சிரிக்கறதுக்கு என்று கத்தினேன்.

தையல் போட்ட இடத்தைத் தடவிப் பார்த்தார்.

"யாருக்கும் காட்டலை அம்மணி. உளுந்துபோட்டேன்."

அப்போ மண்டபத்தில்? கல்யாணத்தில்?

"அதும்தான். நன்றி சொல்லப் போனேன், உளுந்துபோட்டேன். எல்லாரும் சிரிச்சாங்க. இருக்கட்டும்னு உட்டுட்டேன். நீதான் நெம்பச் சிரிச்சே."

கல்யாணத்தில் இரண்டாவதாக விழுந்தது மட்டும் நடிப்பு. நன்றாக இல்லை என்று நான் சொன்னது.

2-12-1993, வியாழன்

நரம்பு டாக்டர். தன்மையான மனிதர். இவரைப் பின்னாலிருந்து தோளைப் பிடித்து லேசாக இழுத்தார். இவர் அப்படியே சாய்ந்தார், டாக்டர் தாங்கிப் பிடித்துக்கொண்டார். விழும்போது கையை ஊன்றுவாரா என்று என்னிடம் கேட்டார். ஊன்ற மாட்டாருங்க என்றேன். தலையை ஆட்டாமல் கண்ணை மட்டும் கீழே இறக்கித் தரையைப் பாருங்கள் என்றார். இவரால் முடியவில்லை. கண் அந்த இடத்துக்கு இறங்கவே இல்லை. படி தெரியாமல், இலை தெரியாமல், நாற்காலி தெரியாமல் இத்தனை மாதம். நான் சட்டைக்காகத் திட்டிக்கொண்டிருந்தேன்.

நோய்க்கு ஒரு நீளமான இங்கிலீஷ் பெயர். நடுக்கவாதம் மாதிரி, ஆனால் அது இல்லை. மருந்து பெரிதாகக் கேட்காது. நடை போகும், பேச்சுப் போகும், முழுங்குவது கஷ்டமாகும். முகம் மெதுவாக மெதுவாக நின்றுவிடும்.

நான் கேட்ட ஒரே கேள்வி, சிரிப்பு வருமா என்பது. டாக்டர் பேனாவை மூடி வைத்தார்.

"உள்ள வருமுங்க அம்மா. வெளிய காட்ட முடியாது. எந்த அளவுக்கு உள்ள இருக்குதுன்னு நம்மளால சொல்ல முடியாதுங்க."

நடை போகட்டும். பேச்சும் போகட்டும், நான் பேசிக்கொள்கிறேன். ஆனால் நான் ஒன்றைச் சொன்னால் இந்த மனுஷன் சிரிக்கிறாரா இல்லையா என்று எனக்குத் தெரியாமல் போனால்? இருபத்தாறு வருஷம் என் பிழைப்பே அதுதானே. ஹெட்மிஸ்ட்ரஸ் கத்தினால் கூட, சாயங்காலம் இவரிடம் எப்படிச் சொல்லிச் சிரிக்கலாம் என்றுதான் காதில் வாங்குவேன்.

3-12-1993

பள்ளிக்கூடம் போனேன். வாய்ப்பாடு சொல்லிக்கொடுத்தேன்.

27-2-1994

கம்பெனியில் ராஜினாமா எழுதிக் கொடுத்துவிட்டார். டிராயிங் ஆபீஸ் ஆட்கள் மாலை போட்டு, கை கொடுத்து அனுப்பினார்கள். மாடி வீட்டைக் காலி செய்து அதே தெருவில் கீழ் வீடு பார்த்தாயிற்று. குறுகலான வீடு, வாசலிலிருந்து கூடத்துக்குப் போகிற நடையில் இரண்டு பேர் சேர்ந்து போக முடியாது. ஆனால் படி இல்லை, எனக்கு அது போதும்.

யூனுஸ் பாய் சாமான் ஏற்ற வந்தார். அன்றைக்குக் கோபத்தில் அனுப்பியதற்கு நான் ஏதாவது சொல்ல வேண்டும் என்று பார்த்தேன். இரண்டு டம்ளர் காப்பி கொடுத்தேன். இரண்டையும் குடித்தார்.

13-3-1994

நடக்கும்போது பின்னாலிருந்து பெல்ட்டைப் பிடித்துக்கொள்ளச் சொல்லியிருக்கிறார்கள். வேட்டிக்கு மேல் பெல்ட். தெருமுனை வரைக்கும் போய் வருகிறோம். நெட்டையனும் குட்டையனும் வராங்கடா என்று பையன்கள் கத்துகிறார்கள். இவர் அவர்களுக்குக் கும்பிடு போடுகிறார். எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வருகிறது. கும்பிடுவதற்காகக் கையை எடுத்தால் நான் பிடித்திருக்கிற பிடியும் ஆடுகிறது.

9-10-1994

சிரிப்புச் சத்தம் இன்னும் வருகிறது. முகத்தில் மட்டும் இல்லை. பக்கத்து அறையிலிருந்து கேட்டால் பழைய ஆள்தான்.

அதனால் இப்போதெல்லாம் அடுப்படியில் நின்றுகொண்டு கத்திப் பேசுகிறேன்.

18-1-1995, புதன்

நேற்று, பொங்கலையொட்டி வருகிற பூப்பறிக்கிற நோம்பி. தொண்டாமுத்தூரில் மாரப்பனின் தோப்பில் படம் போட்டோம். கடைசியாக ஒரு தடவை நான்தான் நெட்டையனுக்குப் பேசுவேன் என்று இவர் ஒரு மாதமாகப் பிடிவாதம். யூனுஸ் பாய் பேசட்டுமே என்றேன். கேட்கவில்லை. பாயும், அண்ணன் ஆசைப்படறாருங்க அக்கா என்றார். பேச்சு ரொம்பவும் குழறிப்போயிருக்கிறது. எனக்கும் பாய்க்கும் தவிர யாருக்கும் பாதி புரியாது.

தேங்காய்க் களத்தில் திரை கட்டியிருந்தார்கள். பெண்கள் பூவும் கூடையுமாக வந்து உட்கார்ந்தார்கள். மலை ஓரத்தில் யானையை விரட்ட வெடி போட்டார்கள், யாரும் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. இவரை நாற்காலியில் வேட்டித் துணியால் இடுப்பைக் கட்டி உட்கார வைத்தோம். மைக்கை நான் பிடித்தேன்.

முதல் வசனம். "ஏ...னு...ங்ங்க... ஒழ... ஒழை..."

சிரித்தார்கள்.

சிரிப்பு என்றால் அப்படி ஒரு சிரிப்பு. குடிகாரக் குரல் என்று நினைத்துவிட்டார்கள். நெட்டையன் தண்ணி போட்டிருக்கிறான், அதுதான் இந்த வருஷத்துப் புதுமை என்று. ஒவ்வொரு வார்த்தைக்கும் ஆரவாரம். ஒருவன் அதேபோல் குழறித் திருப்பிச் சொன்னான், அதற்கும் சிரித்தார்கள். என் வசனம் வந்தது. எனக்குக் குரல் எழும்பவில்லை. இவர் விடாமல் என் வசனத்தையும் சேர்த்துப் பேசினார். இன்னும் சிரிப்பு. எச்சில் வழிந்து மைக்கில் விழுந்தது.

நான் எழுந்து யூனுஸ் பாயை நிறுத்தச் சொல்லிவிட்டேன். அவர் நிறுத்தாததால் நானே ஒயரைப் பிடுங்கினேன். இருட்டில் நின்று என்ன பேசினேன் என்று முழுக்க நினைவில்லை. எங்க ஊட்டுக்காரருக்கு ஒடம்பு செரியில்லீங்க, அவர் குடிக்கலீங்க, உங்களுக்கெல்லாம் சிரிக்கறதுக்கு வேற ஆளே கெடைக்கலீங்களா என்று என்னென்னவோ. ஒரு கிழவர், மன்னிச்சுக்கோங்க அம்மணி, தெரியாமப் போச்சுங்க என்றார். ஒவ்வொருத்தராக எழுந்து வந்து இவர் முன்னால் நின்று கும்பிட்டுவிட்டுப் போனார்கள். இழவு வீட்டிலிருந்து போகிற மாதிரி.

மாரப்பன் காரில் திரும்பினோம். வீட்டு வாசலில் இறக்கும்போது இவர் சொன்னார். ஒவ்வொரு எழுத்தாகத்தான் வந்தது, ஆனால் எனக்கு நன்றாகவே புரிந்தது.

"எதுக்கு நிறுத்துனே? நல்லாச் சிரிச்சுக்கிட்டு இருந்தாங்கல்ல."

25-1-1995

ஒரு வாரமாக என்னிடம் பேசவில்லை. மற்றவர்களிடம் இரண்டு வார்த்தையாவது பேசப் பார்க்கிறார். எனக்கு மட்டும் இல்லை. மிச்சம் இருக்கிற பேச்சே கொஞ்சம், அதிலும் ஒரு வாரத்தை என் மேல் கோபத்துக்குச் செலவழிக்கிறார். செலவழிக்கட்டும். நான் செய்தது அப்படி.

ஆனால் நான் என்ன செய்திருக்க வேண்டும்? உட்கார்ந்து நானும் சிரித்திருக்க வேண்டுமா? யாராவது சொல்லுங்களேன்.

2-2-1995

சாப்பாடு ஊட்டும்போது "காரம்" என்றார். இன்றைக்கு நிம்மதியாகத் தூங்குவேன்.

11-6-1995, ஞாயிறு

பேச்சு சுத்தமாக நின்றுவிட்டது. சிரிப்புச் சத்தமும் எப்போது நின்றது என்று கவனிக்காமல் விட்டுவிட்டேன். எப்படி விட்டேன்? தினமும் காதைத் தீட்டிக்கொண்டுதானே இருந்தேன்?

பூஜிதா வந்தவள் ஒரு யோசனை சொன்னாள். இவரது வலது ஆள்காட்டி விரல் இன்னும் அசைகிறது. சிரிப்பு வந்தால் நாற்காலிக் கையில் அந்த விரலால் தட்டட்டும் என்றாள். இவர் முன்னாலேயே நான் ஒத்திகை பார்த்தேன். ஏழாம் வகுப்புப் பசங்கள் ஹெட்மிஸ்ட்ரஸ் நாற்காலியில் பலாப்பிசின் தடவிய கதையைச் சொன்னேன். டொக் டொக் டொக் என்று தட்டினார்.

பூஜிதா அழுதாள், நானும் அழுதேன். ஊர்ப்பட்ட சந்தோஷம்.

2-7-1995

தினமும் தட்டுகிறார். பால்காரர் கதைக்கு, ரேஷன் கடைக் கதைக்கு, நான் ஆட்டோக்காரரிடம் சண்டை போட்ட கதைக்கு. டாக்டர் சொன்னது சரிதான், உள்ளே எல்லாம் இருக்கிறது. பள்ளிக்கூடத்தில் எனக்கு இப்போது தனி உற்சாகம். ராமாமணி டீச்சர் பாட்டு முணுமுணுக்கிறார் என்று பசங்கள் பேசிக்கொள்கிறார்களாம்.

6-8-1995, ஞாயிறு

இன்று யூனுஸ் பாயின் மச்சினன் கதை சொல்ல ஆரம்பித்தேன். மேட்டுப்பாளையத்தில் தப்பான பஸ் ஏறி ஊட்டிக்குப் போய் இறங்கிய கதை. "யூனுஸ் பாய் மச்சினன் இருக்காருல்லங்க, அவர் போன வாரம்" என்ற வரைக்கும்தான் சொன்னேன். பால் பொங்கிவிட்டது. அடுப்படிக்கு ஓடினேன்.

அங்கே நிற்கும்போது கேட்டது. டொக் டொக் டொக்.

நான் இன்னும் ஒன்றுமே சொல்லவில்லையே.

அடுப்பை அணைத்துவிட்டு வந்து பக்கத்தில் உட்கார்ந்தேன். வேண்டுமென்றே, ஒரு சிரிப்பும் இல்லாத விஷயமாகச் சொன்னேன். உளுந்து ஊறப்போட்டிருக்கறேனுங்க, நாளைக்கு இட்லி என்றேன். நிறுத்தினேன். டொக் டொக் டொக்.

இத்தனை நாளும் நான் நிறுத்துகிற இடம் பார்த்துத் தட்டியிருக்கிறார். விருந்தாளி நம் வீட்டில் உப்பில்லாத குழம்பைச் சாப்பிட்டுவிட்டு நெம்ப நல்லாயிருக்குதுங்க என்று சொல்லிவிட்டுப் போவாரே, அது. மரியாதைக்குச் சிரித்திருக்கிறார். என் மனசு நோகக் கூடாதே என்று. உதை வாங்கிக்கொண்டு சந்தோசமுங்க என்று சொல்கிற வசனத்தை எழுதியவள் நான்தான், எனக்குத் தெரியாதா அது?

கையைப் பிடித்துக்கொண்டு சொன்னேன். எனக்கு மரியாதை வேண்டாமுங்க. ஊர்ல எல்லாரும் மரியாதையாத்தான் இருக்கறாங்க. நீங்க மெய்யாலுமே சிரிப்பு வந்தா மட்டும் தட்டுங்க, இல்லீன்னா சும்மா இருங்க, நான் ஒண்ணும் நெனச்சுக்க மாட்டேன்.

என்னைப் பார்த்தபடியே இருந்தார்.

7-8-1995

மச்சினன் கதையை முழுக்கச் சொன்னேன். தட்டவில்லை.

12-8-1995

இல்லை.

3-9-1995

நன்றாக இருந்திருக்க வேண்டிய கதைதான் இன்றைக்கு. எனக்கே சொல்லும்போது சிரிப்பு வந்தது. விரலைப் பார்த்தபடியே சொன்னேன், அதனால் பாதியில் குழப்பிவிட்டேனோ என்னவோ.

24-12-1995, ஞாயிறு

யூனுஸ் பாய் தானாகவே புரொஜெக்டரைத் தூக்கிக்கொண்டு வந்தார். கூடத்துச் சுவரில் வேட்டியைக் கட்டிப் படம் போட்டார். நான் இரண்டு பேருக்கும் பேசினேன். நெட்டையனுக்குக் குரலைத் தாழ்த்தி, இவர் மாதிரியே இழுத்து. திரையில் நெட்டையன் விழுந்தான், எழுந்தான், மாவு மூட்டைக்குள் தலைகுப்புறப் போனான். தொந்தி போலீஸ்காரர் தண்ணீரில் விழுந்தார். நான் திரையைப் பார்க்கவே இல்லை. எனக்கு மனப்பாடம்தானே. ஆள்காட்டி விரலை மட்டும் பார்த்துக்கொண்டே பேசினேன். ரீல் முடிந்து வெள்ளை வெளிச்சம் வருகிற வரைக்கும் விரல் அசையவில்லை.

"அண்ணனுக்கு விரலும் வராமப் போயிருக்குமுங்க அக்கா. அதான்" என்றார் பாய், ரீலைச் சுற்றிக்கொண்டே. முகத்தை என் பக்கம் திருப்பவில்லை.

அப்படியும் இருக்கலாம். அல்லது நான் கேட்டுக்கொண்டதற்காக, மெய்யான சிரிப்பு வரட்டும் என்று காத்திருக்கிறாரோ? அது வரவே இல்லையோ? இல்லை, தொண்டாமுத்தூர்க் கோபம் இன்னும் இருக்கிறதோ? நான் அந்த வார்த்தையைச் சொல்லாமல் இருந்திருக்கலாம். பொய்யாகவாவது டொக் டொக் என்று ஒரு சத்தம் இருந்துகொண்டிருக்கும். மரியாதை வேண்டாம் என்று சொல்ல நான் யார்? அவரிடம் கொடுப்பதற்கு அது ஒன்றுதான் மிச்சம் இருந்தது.

14-4-1996

இனித் தட்டினாலும் சரி, தட்டாவிட்டாலும் சரி, வருஷப் பிறப்பன்று இவர் காதில் சொல்லிவிட்டேன். பொய்க்கே தட்டுங்க, எனக்குப் போதும் என்று.

கஞ்சி மூன்று கரண்டி இறங்கியது.

9-6-1996, ஞாயிறு

காலையில் போய்விட்டார்.

13-6-1996, வியாழன்

பூஜிதா தலைக்கு எண்ணெய் வைத்துவிட்டாள். சொந்தக்காரர்கள் பாதிப்பேர் கிளம்பிவிட்டார்கள். இதை எழுதாமல் விட்டால் எனக்கே நாளைக்கு நம்பிக்கை இருக்காது, அதனால் எழுதுகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். கூடத்தில் பெஞ்சில் படுக்க வைத்திருந்தார்கள். நீளம் போதாமல் கால் இரண்டும் வெளியே நீட்டிக்கொண்டிருந்தன. பாடை வாசலில் இருந்தது. பெஞ்சோடு தூக்கி நடை வழியாக வெளியே கொண்டுபோக வேண்டும். மாரப்பன், டிராயிங் ஆபீஸ் ஆட்கள் இரண்டு பேர், யூனுஸ் பாய். நாலு பேரும் நின்றார்கள்.

தலைமாட்டை யார் பிடிப்பது என்று ஆரம்பித்தது. நீங்க புடிங்க. இல்லீங்க, நீங்க மூத்தவங்க, நீங்க புடிங்க. ஐயோ, நீங்க இருக்கும்போது நான் புடிக்கறதுங்களா? ஆளுக்கு ஆள் கையைக் காட்டிக்கொண்டு ஒருத்தரும் தொடவில்லை. அப்புறம் ஒரே சமயத்தில் இரண்டு பேர் குனிந்து மண்டையோடு மண்டை முட்டிக்கொண்டார்கள். மன்னிச்சுக்கோங்க. பரவாயில்லீங்க. தூக்கினார்கள். மாரப்பன் உயரம், யூனுஸ் பாய் குட்டை. இவர் சறுக்க ஆரம்பித்தார். நடைத் திருப்பத்தில் பெஞ்சு சிக்கிக்கொண்டது, முன்னாலும் போகவில்லை, பின்னாலும் வரவில்லை. கொஞ்சம் பின்னால வாங்க. நீங்க மொதல்ல வாங்க. மாரப்பன் ஒரு இழு இழுத்தான். இவர் கால் சுவரில் படாரென்று இடித்தது.

மாரப்பன் இவர் முகத்தைப் பார்த்து, "வலிச்சுதுங்களா மச்சான்?" என்றான்.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கப் பார்த்தேன், முடியவில்லை. புடவைத் தலைப்பை வாயில் அடைத்துக்கொண்டேன், அதையும் மீறி வந்தது. வயிற்றைப் பிடித்துக்கொண்டு தரையில் உட்கார்ந்துவிட்டேன். உடம்பு முழுக்கக் குலுங்கியது. கண்ணிலிருந்து தண்ணீர் கொட்டியது. என் நாத்தனார் என்னைக் கட்டிப்பிடித்துக்கொண்டாள். பெண்கள் எல்லாரும் வந்து சூழ்ந்துகொண்டார்கள்.

"அழட்டும், உடுங்க" என்றாள் ஒருத்தி. "காத்தாலருந்து இப்பத்தான் அழுகறா."

நான் அவர்கள் தோளுக்கு நடுவே எட்டிப் பார்த்தேன், இவர் பார்த்தாரா என்று. நடையில் யாரும் இல்லை, தூக்கிக்கொண்டு போயிருந்தார்கள்.